மைசூர் தந்த ஜகன்மோகினி: நடிகை பிரதிமா தேவியின் கலை வாழ்வு

மைசூர் நகருக்கும் வானொலிக்கும் பழைய உறவு ஒன்று உண்டு. இந்நகரில் உளவியல் பேராசிரியராக விளங்கிய எம். வி. கோபாலசுவாமி அவர்கள், 1935-ஆம் ஆண்டில் தம் இல்லத்திலேயே சிறியதோர் ஒலிபரப்பு நிலையத்தை அமைத்தார்கள். அந்நிலையம் 'ஆகாசவாணி' என்று வழங்கலாயிற்று. பின்னாளில் அப்பெயரையே அகில இந்திய வானொலி ஏற்றுக்கொண்டது. இன்று நாட்டின் எந்த மூலையில் வானொலிப் பெட்டியைத் திறந்தாலும் அந்தப் பெயர் காதில் விழுகிறது. ஆயினும் அது பிறந்த ஊர் மைசூர் என்பதை அறிந்தவர் மிகச் சிலரே.

மைசூரில் பிறந்து நாடெங்கும் உலவிய பெயர் இன்னொன்றும் உண்டு. அது 'ஜகன்மோகினி' என்பது. நேயர்களுள் பலர் இந்தப் பெயரைக் கேட்டதும் 1978-ஆம் ஆண்டில் வெளிவந்த தெலுங்குப் படத்தை நினைவு கூர்வர். பி. விட்டலாச்சார்யா இயக்க, ஜெயமாலினி மோகினியாகத் தோன்றிய அந்தப் படம் தமிழிலும் மொழிமாற்றம் செய்யப்பெற்று, பட்டிதொட்டிகளில் உள்ள கொட்டகைகளில் எல்லாம் கூட்டம் சேர்த்தது. இளைய தலைமுறையினர் 2009-ஆம் ஆண்டில் நமீதா நடித்து வெளிவந்த தமிழ்ப் படத்தை நினைப்பர். ஆனால் இவ்விரண்டுக்கும் முன்னதாக, 1951-ஆம் ஆண்டிலேயே, மைசூரைச் சேர்ந்த மகாத்மா பிக்சர்ஸ் என்னும் நிறுவனம் இதே பெயரில் ஒரு கன்னடப் படத்தை எடுத்து வெளியிட்டது. அந்தப் படத்தில் முதன்மை வேடம் பூண்டவர் பிரதிமா தேவி. நூறு நாள் ஓடிய முதற் கன்னடப் படம் என்று கன்னடத் திரை வரலாறு அதனைக் குறித்து வைத்திருக்கிறது.

ஒரு மொழியின் திரைப்படத் தொழிலுக்கு முதல் நூறு நாள் வெற்றியைத் தேடித் தந்த நடிகை, அந்த மொழி வழங்கும் நாட்டிலேயே பலரால் மறக்கப்பட்டார். அந்த நாட்டில் குடியேறி வாழும் தமிழர்களாகிய நமக்கோ அவர் பெயர் தெரியவே இல்லை. இது ஏன் நேர்ந்தது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். காரணத்தைச் சுருக்கமாக முன்னரே கூறிவிடலாம். மாயாஜாலப் படங்களைக் கலையென்று மதியாத மனப்பான்மை ஒன்று. சென்னைக்கு வந்தவர்களை மட்டுமே நடிகர்களாகக் கணக்கிட்ட நம் பழக்கம் மற்றொன்று. இவ்விரண்டுக்கும் இடையில் அகப்பட்டு ஓர் அரிய கலைவாழ்வு கண்ணுக்குப் புலப்படாமற் போயிற்று.

முதலில் அக்காலத்துக் கன்னடத் திரைப்படத்தின் நிலையை நோக்குவோம். முதற் கன்னடப் பேசும் படமாகிய 'சதி சுலோசனா' 1934-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 3-ஆம் நாள் வெளிவந்தது. அது கன்னட நாட்டில் எடுக்கப்பட்டதன்று. மராட்டிய நாட்டுக் கோலாப்பூரில் எடுக்கப்பட்டது. அதன் பின்னரும் நெடுங்காலம், கன்னடத்தில் படம் எடுக்க விரும்பியவர்கள் நடிகர்களையும் நாடகச் சாமான்களையும் மூட்டை கட்டிக்கொண்டு சென்னைக்கோ கோயம்புத்தூருக்கோ சேலத்துக்கோ பயணப்பட வேண்டியிருந்தது. ஸ்டூடியோவும், ஒலிப்பதிவுக் கருவியும், படச்சுருள் கழுவும் நிலையமும் ஆங்கேதான் இருந்தன. பல ஆண்டுகளில் ஒன்றிரண்டு கன்னடப் படங்களே வெளிவந்தன என்றால், அத்தொழில் எத்தகைய தளர்நடை நடந்தது என்பது விளங்கும்.

இந்நிலையில் 1940-களில் மைசூரில் நவஜோதி ஸ்டூடியோ தோன்றியது. அரண்மனை நாடகக் குழுவையும், ஏ. வி. வரதாச்சாரியார் போன்ற மாபெரும் மேடை நடிகர்களையும் கண்ட நகரம் இது. நடிக்கவும் பாடவும் தெரிந்தவர்கள் இங்கே குறைவில்லை. சாமுண்டி மலையும், சீரங்கப்பட்டணத்துக் கோட்டையும், காவிரிக் கரையும், கண்ணம்பாடி அணையின் பிருந்தாவனப் பூங்காவும் வெளிப்புறக் காட்சிகளுக்கு இயற்கையாகவே அமைந்திருந்தன. இல்லாதிருந்தவை முதலும் துணிவுமே. அவற்றைக் கொண்டு வந்தவர்கள் டி. சங்கர் சிங்கும் பி. விட்டலாச்சார்யாவும் ஆவர். இவர்களும் நண்பர்களும் கூடித் தொடங்கியதே மகாத்மா பிக்சர்ஸ்.

விட்டலாச்சார்யா உடுப்பியை அடுத்த உத்யாவரத்தில் பிறந்தவர். உணவு விடுதி நடத்தியவர். பிறகு ஹாசன் பகுதியில் டூரிங் டாக்கீஸ் நடத்தியவர். இந்தக் கடைசித் தொழிலை நாம் சிறப்பாகக் கவனித்தல் வேண்டும். கூடாரக் கொட்டகையில் படம் காட்டுபவர், மணலில் அமர்ந்து பார்க்கும் மக்களின் முகத்தை நாள்தோறும் காண்பவர். எந்தக் காட்சியில் அவர்கள் மூச்சடக்கி இருக்கிறார்கள், எந்தக் காட்சியில் எழுந்து வெளியே செல்கிறார்கள் என்பதை அவர் நன்கு அறிவார். பாட்டி சொன்ன நாககன்னிகைக் கதையும், ஊர்க் கோயில் கூத்தில் கண்ட மாயமந்திரமும் வெண்திரையில் தோன்றினால் மக்கள் நாளைக்கும் வருவார்கள் என்பதை இந்நிறுவனத்தார் உணர்ந்திருந்தனர். 'கிருஷ்ணலீலை', 'நாககன்னிகா', 'ஜகன்மோகினி' என்று அவர்கள் எடுத்த படங்களின் பெயர்களே இதற்குச் சான்று.

பிரதிமா தேவி இந்நிறுவனத்தின் வாயிலாகவே திரையுலகில் அடியெடுத்து வைத்தார். அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் மோகினி. மங்களூரை அடுத்த கல்லட்கா அவர் பிறந்த ஊர். அவர் பிறந்த நாளில் தென் கன்னட மாவட்டம் சென்னை மாகாணத்தைச் சேர்ந்திருந்தது. மைசூரோ மன்னராட்சியில் இருந்த தனி நாடு. 1956-ஆம் ஆண்டு மாநிலச் சீரமைப்பின் போதுதான் இரண்டும் ஒரே ஆட்சியின் கீழ் வந்தன. ஆகவே, நம் மாகாணத்தில் பிறந்து, எல்லை கடந்து, பிழைப்பும் கலையும் தேடி மைசூருக்கு வந்து குடியேறியவர்களுள் பிரதிமா தேவியும் ஒருவர். நமக்கும் அவருக்கும் உள்ள ஒற்றுமை இதிலிருந்தே தொடங்குகிறது.

இளமையிலேயே நாடக மேடையேறிய அவர், 1947-ஆம் ஆண்டில் வெளிவந்த 'கிருஷ்ணலீலை' படத்தில் முதன்முதலாகத் திரையில் தோன்றினார். அப்போது அவருக்குப் பதினைந்து வயது நிரம்பியிருக்கவில்லை, அல்லது அப்போதுதான் நிரம்பியிருந்தது. பின்னாளில் கருநாடக முதலமைச்சராக விளங்கிய தேவராஜ் அர்ஸின் தம்பியாகிய கெம்பராஜ் அர்ஸ் அந்தப் படத்தின் முன்னணி நடிகர். நாட்டு விடுதலையும் ஒரு சிறுமியின் திரை நுழைவும் ஒரே ஆண்டில் நிகழ்ந்தன. நான்கு ஆண்டுகள் கழித்து 'ஜகன்மோகினி' வெளிவந்த போது, அவர் பதினெட்டு பத்தொன்பது வயதுப் பெண்.

அக்காலத்து மாயாஜாலப் படத்தில் நடிப்பது எத்தகைய தொழில் என்பதை நேயர்கள் சற்றே எண்ணிப் பார்த்தல் வேண்டும். இன்று கணிப்பொறி செய்து தரும் வேலையை அன்று நடிகரின் உடலும் பொறுமையும் செய்தன. ஒரு பெண் திடீரென மறைய வேண்டுமானால், காமிராவை நிறுத்திவிட்டு அவளை விலகச் செய்வர். உடன் நிற்பவர்கள் கை விரலையும் அசைக்காமல் சிலைபோல் நிற்றல் வேண்டும். பின்னர்க் காமிரா மீண்டும் ஓடும். யாரேனும் ஒருவர் சிறிது அசைந்தாலும் திரையில் காட்சி துள்ளும், மந்திரம் கலைந்துவிடும். ஆவியுருவம் தோன்ற வேண்டுமானால், ஒருமுறை படம் பிடித்த சுருளைப் பின்னோக்கிச் சுற்றி, கருந்திரைக்கு முன்னே நடிகையை நிறுத்தி, அதே சுருளில் மறுமுறை படம் பிடிப்பர். அவ்விரண்டும் பொருந்துவதற்கு நடிகை மனத்துக்குள் எண்ணிக்கொண்டே அடியெடுத்து வைத்தல் வேண்டும். எதிரே எவரும் இல்லாத வெறுமையை நோக்கி அஞ்சவும், காதலிக்கவும், சபிக்கவும் வேண்டும். எடுத்த காட்சியை உடனே பார்ப்பதற்கும் வழி கிடையாது. சுருளைக் கழுவிய பின்னரே குற்றமும் குணமும் தெரியும்.

இதனை ஏன் விரித்துரைக்கிறோம் எனில், இத்தகைய படங்களின் வெற்றியைப் பேசுவோர் 'தந்திரக் காட்சிகள் பிரமாதம்' என்று கூறி நிறுத்திக்கொள்வது வழக்கம். தந்திரத்தை நம்பும்படி செய்பவர் நடிகரே. பேய் நிற்கும் இடத்தில் ஒன்றும் இல்லை என்பது காமிராவுக்குத் தெரியும். ஆங்கே பேய் நிற்கிறது என்று கொட்டகையில் உள்ள குழந்தை தாயின் முந்தானையைப் பற்றிக்கொள்வது, நடிகையின் கண்களைப் பார்த்துத்தான். பிரதிமா தேவி போன்றோரின் கலை இந்தக் கண்களில் இருந்தது.

'ஜகன்மோகினி' வெளிவந்த அதே 1951-ஆம் ஆண்டில்தான் விஜயா நிறுவனத்தாரின் 'பாதாள பைரவி' தமிழிலும் தெலுங்கிலும் வெளிவந்து தென்னாட்டைக் கலக்கியது. சென்னையின் பெரிய ஸ்டூடியோவும், மார்க்கஸ் பார்ட்லியின் காமிராவும், என். டி. ராமராவும், எஸ். வி. ரங்காராவும் அந்தப் படத்துக்குத் துணை நின்றனர். மைசூர்ப் படத்துக்கு அத்தகைய வளம் இல்லை. அதன் சந்தையும் சிறியது. ஆயினும் அது நூறு நாள் ஓடியது. 'பாதாள பைரவி'யிலும் நேபாள மாந்திரீகனை மறவாதவர்கள், கதாநாயகியாக நடித்த கே. மாலதியின் பெயரைச் சொல்லத் தடுமாறுவர். மாயக் கதைகளில் மந்திரவாதிக்கும் வீரனுக்கும் கிட்டும் நினைவு, பெண்ணுக்குக் கிட்டுவதில்லை. இது ஒரு படத்தின் குற்றமன்று; அவ்வகைப் படங்கள் அனைத்தையும் நாம் பார்த்த பார்வையின் குற்றம்.

இப்பார்வை நம் நாட்டுக்கு மட்டும் உரியதும் அன்று. ஜப்பான் நாட்டில் இரியே தகாகோ என்னும் நடிகை இருந்தார். 1911-இல் உயர்குடியில் பிறந்து, ஊமைப் படக் காலத்தில் புகழ்பெற்று, 1932-இல் தம் பெயரிலேயே படநிறுவனம் தொடங்கியவர் அவர். உலகப் புகழ் பெற்ற இயக்குநர் மிசோகுச்சி அந்த நிறுவனத்துக்காகவே 1933-இல் ஒரு சிறந்த படத்தை இயக்கினார். ஆனால் போருக்குப் பின்னர் வாய்ப்புக் குறைந்த நிலையில், 1950-களில் பெண்ணுருக் கொண்ட பூனைப் பேயாகப் பல படங்களில் நடித்தார். அவை நன்றாக ஓடின; எனினும் 'பூனைப் பேய் நடிகை' என்ற பெயர் அவர் முன்னைய புகழை மூடிற்று. அதே நாட்டில் 1954-இல் வெளிவந்த 'காட்ஸில்லா' படத்தின் கதாநாயகி கோச்சி மொமோகோ. அரக்க விலங்கின் பெயர் உலகெங்கும் பரவிற்று. அவரோ அந்தப் பட நிறுவனத்தை விட்டு விலகி, நாடகப் பயிற்சி பெற்று, மேடைக்குச் சென்றுவிட்டார். பூனைப் பேய்க்கும் நாககன்னிகைக்கும் இடையே கடல் பல உள்ளன. நடிகையர் அடைந்த நிலையில் வேறுபாடு அதிகம் இல்லை.

நம் தமிழிலும் இதற்குச் சான்று உண்டு. 1935-இல் பம்பாயில் வெளிவந்த 'ஹண்டர்வாலி'யில் சாட்டையுடன் குதிரையேறிய நாடியாவை நாடே கொண்டாடியது. அதற்கு இரண்டு ஆண்டுகள் கழித்து, கே. அமர்நாத் இயக்கிய 'மின்னல்கொடி' என்னும் தமிழ்ப் படத்தில் கே. டி. ருக்மிணி கொள்ளைத் தலைவியாக வேடம் புனைந்து சண்டையிட்டார். நாடியாவைப் பற்றி நூல்கள் உள்ளன. நம் ருக்மிணியைப் பற்றி ஒரு முழு நூல் படிக்கும் வாய்ப்பு நம்முள் எத்தனை பேருக்குக் கிட்டியது? புராணத்தில் சீதையாக நடித்தவரை வணங்கினோம். குடும்பக் கதையில் கண்ணீர் வடித்தவரைப் பாராட்டினோம். குதிரையேறியவரையும் மாயவுருக் கொண்டவரையும் கைதட்டிப் பார்த்துவிட்டு மறந்தோம்.

பிரதிமா தேவி மாயாஜாலத்தோடு நின்றுவிட்டவர் அல்லர் என்பதையும் இங்கே கூறுதல் வேண்டும். 1952-இல் மகாத்மா பிக்சர்ஸ் 'ஸ்ரீநிவாச கல்யாண' என்னும் படத்தை வெளியிட்டது. விட்டலாச்சார்யா முதன்முதலாக இயக்கிய படம் அது. அதில் ஏழு முனிவர்களுள் ஒருவராகச் சிறு வேடத்தில் தோன்றிய இளைஞர், இரண்டு ஆண்டுகள் கழித்து 'பேடர கண்ணப்ப' படத்தின் நாயகனாகி, பின்னர்க் கன்னட நாட்டின் பெருங்கலைஞராக உயர்ந்த ராஜ்குமார் ஆவார். அந்தப் படத்தில் முன்னணியில் நின்ற பிரதிமா தேவி அப்போதே பல படங்கள் கண்ட நட்சத்திரம். வரலாறு ஒருவரை ஏற்றிய ஏணியில் மற்றவரை இறக்கிவிட்டது.

1955-இல் 'சிவசரணெ நம்பியக்கா', 1957-இல் 'பிரபுலிங்க லீலெ', 1962-இல் 'ஸ்ரீ தர்மஸ்தள மகாத்மெ' என்று பக்திப் படங்களிலும் அவர் நடித்தார். இவற்றுள் இரண்டாவது படத்தின் பெயர் தமிழர்களுக்குப் புதியதன்று. சாமரசன் என்னும் கவிஞர் கன்னடத்தில் இயற்றிய அந்தக் காவியத்தை, துறைமங்கலம் சிவப்பிரகாச சுவாமிகள் 17-ஆம் நூற்றாண்டிலேயே 'பிரபுலிங்க லீலை' என்று தமிழாக்கித் தந்தார். அல்லமப் பிரபுவை மயக்க முயன்று தோற்கும் மாயையின் கதை அது. மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நமக்கு இதில் ஒரு சிந்தனை தோன்றுகிறது. முன்னூறு ஆண்டுகளுக்கு முன்னர்க் கன்னடத்துக் காவியம் ஒன்று தமிழுக்கு வந்த போது, அதனை முதலில் பாடியவர் பெயரும் உடன் வந்தது. நம் காலத்தில் 'ஜகன்மோகினி' என்ற பெயர் தெலுங்கு வழியாகத் தமிழுக்கு வந்தது. முதலில் அதனைத் தாங்கியவர் பெயர் உடன் வரவில்லை. மூல ஆசிரியர் பெயரை விட்டுவிட்டு மொழிபெயர்ப்பை அச்சிடுவது எத்துணைக் குறையோ, இதுவும் அத்துணைக் குறையே.

அவர் பெயர் நம்மிடம் வராததற்கு மற்றொரு காரணமும் உண்டு. கன்னட நாட்டு நடிகையருள் தமிழர் அறிந்தவர்கள் யாவர்? எம். வி. ராஜம்மாவை அறிவோம், 'பராசக்தி'யிலும் 'அந்த நாள்' படத்திலும் நடித்த பண்டரிபாயை அறிவோம், பி. சரோஜாதேவியைக் 'கன்னடத்துப் பைங்கிளி' என்று கொண்டாடினோம். இவர்கள் யாவரும் சென்னைக்கு வந்து தமிழ் பேசி நடித்தவர்கள். பிரதிமா தேவியோ மைசூரிலேயே தங்கி, அறுபதுக்கும் மேற்பட்ட கன்னடப் படங்களில் நடித்தார். சென்னைக்கு வந்தவரே நடிகை என்று நாம் கணக்கெழுதியதால், தம் ஊரில் இருந்தே தம் மொழிக்கு உழைத்தவர் நம் ஏட்டில் இடம்பெறவில்லை. பிற மாநிலங்களில் வாழும் நாம் இந்த வழக்கத்தை நன்கு உணரத்தக்கவர்கள். நம் உழைப்பு ஓர் ஊரிலும் நம் பெயர் எழுதப்படும் ஏடு மற்றோர் ஊரிலும் இருந்தால் என்ன நேரும் என்பதை நாம் அன்றாடம் காண்கிறோம் அன்றோ?

விட்டலாச்சார்யா தனி நிறுவனம் தொடங்கி, பின்னர்ச் சென்னைக்குச் சென்று, தெலுங்கில் எலும்புக்கூடுகளையும் பேய்களையும் ஆடவிட்டு 'ஜானபத பிரம்மா' என்று பட்டம் பெற்றார். அவர் 1999-இல் மறையும் வரையில் அந்தப் புகழ் குன்றவில்லை. சங்கர் சிங் மைசூரில் தொடர்ந்து படங்களைத் தயாரித்தார். பிரதிமா தேவி அவரையே மணந்து, குடும்பத்தையும் நடிப்பையும் ஒருங்கே நடத்தினார். அவர்கள் மகன் ராஜேந்திர சிங் பாபு, 1975-இல் 'நாககன்யெ' என்னும் படத்தின் மூலம் இயக்குநரானார். பின்னர் 'அந்த', 'பந்தன', 'முத்தின ஹார' ஆகிய படங்களால் பெரும்புகழ் அடைந்தார். மகள் விஜயலட்சுமி சிங்கும் நடிகையாக விளங்கினார். நாகினிக் கதையுடன் பெற்றோர் வளர்த்த தொழிலில் மகனும் நாகினிக் கதையுடனேயே நுழைந்தார் என்பது குறிப்பிடத்தக்கது.

ஆயின் இதனாலேயே வேறொரு மறைவும் நேர்ந்தது. தயாரிப்பாளரின் மனைவி என்றும், இயக்குநரின் தாய் என்றும் அறிமுகம் செய்யப்பெறும் பெண்ணின் சொந்தத் தொழில் இரண்டாம் இடத்துக்குப் போய்விடுகிறது. நிறுவனத்தின் பெயர் கணவருடையதாகவும், படத்தின் பெயர் இயக்குநருடையதாகவும், வசூலின் பெருமை தந்திரக் காட்சிகளுடையதாகவும் பங்கிடப்பட்ட பின்னர், திரையில் நின்ற முகத்துக்கு எஞ்சியது என்ன? இந்தக் கேள்வி ஒருவர் மீதும் குறை கூறுவதற்காக எழுப்பப்பட்டதன்று. வரலாறு எழுதும் முறையில் உள்ள குறையைக் காட்டவே எழுப்பப்பட்டது.

பிற்காலத்தில் கருநாடக அரசு அவருடைய தொண்டினை நினைந்து, 2001-02-ஆம் ஆண்டுக்கான ராஜ்குமார் விருதினை அவருக்கு வழங்கியது. ஏழு முனிவருள் ஒருவராகத் தோன்றியவரின் பெயரால் அமைந்த விருதை, அதே படத்தில் முன்னணியில் நின்றவர் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் கழித்துப் பெற்றுக்கொண்டார். 2021-ஆம் ஆண்டு ஏப்ரல் திங்களில், தம் 88-ஆம் வயதில், மைசூரில் அவர் காலமானார்.

அவர் உழைத்த உலகமும் மெல்ல மெல்ல மறைந்தது. நவஜோதியை அடுத்து மைசூரில் எழுந்த பிரீமியர் ஸ்டூடியோ, பன்மொழிப் படங்களுக்கும் இடம் தந்து புகழ்பெற்றது. 1989-ஆம் ஆண்டு பிப்ரவரி 8-ஆம் நாள், திப்பு சுல்தானைப் பற்றிய தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பில் தீப்பற்றி 62 உயிர்கள் மாண்ட கொடுமை அங்கேதான் நிகழ்ந்தது. பழைய படச்சுருள்களின் கதி இதைவிடப் பரிதாபமானது. 1950-களின் தொடக்கம் வரையில் வழங்கிய நைட்ரேட் சுருள்கள் எளிதில் தீப்பற்றக் கூடியவை. வெப்பமும் ஈரமும் மிகுந்த நம் நாட்டில் தாமே பொடிந்து போகக் கூடியவை. ஓடி முடிந்த பிரதிகளை, அவற்றில் உள்ள வெள்ளிக்காகக் காய்ச்சி விற்றவர்களும் உண்டு. தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் புனேயில் தோன்றியதே 1964-இல்தான். முதற் கன்னடப் பேசும் படமாகிய 'சதி சுலோசனா'வும் இன்று இல்லை, டி. பி. ராஜலட்சுமி நடித்த நம் முதற் பேசும் படமாகிய 'காளிதாஸ்' (1931) படமும் இல்லை.

பெரிய நட்சத்திரங்களின் படங்களையே காப்பாற்ற இயலாத போது, மாயாஜாலப் படங்களைக் காப்பாற்ற எவர் முன்வருவர்? அழியாமல் எஞ்சக் கூடியவை சிறு பொருள்களே. படம் பார்க்கச் சென்றவர்கள் கொட்டகை வாயிலில் வாங்கிய பாட்டுப் புத்தகங்கள், தெருவில் தப்பட்டை அடித்து வழங்கப்பட்ட நோட்டீசுகள், பழைய வாரப் பத்திரிகைகளின் விளம்பரப் பக்கங்கள், முதியோரின் நினைவுகள் ஆகியவையே பிரதிமா தேவி போன்ற நடிகையரின் வரலாற்றுக்கு மூலங்கள்.

மைசூரிலும் பெங்களூரிலும் கோலார் தங்கவயலிலும் பல தலைமுறைகளாக வாழும் தமிழ்க் குடும்பங்கள் உள்ளன. அவர்களுள் முதியோர் பலர், இளமையில் தமிழ்ப் படங்களோடு கன்னடப் படங்களையும் கண்டு மகிழ்ந்தவர்கள். வீட்டுப் பரணிலுள்ள தகரப் பெட்டிகளில் எந்தப் பாட்டுப் புத்தகம் கிடக்கிறது என்பதை எவர் அறிவார்? அதனைப் பழைய காகிதமென்று எடைக்குப் போடுவதற்கு முன்னர், ஒருமுறை திறந்து பார்க்குமாறு நேயர்களைக் கேட்டுக்கொள்கிறோம். அட்டையில் உள்ள படத்தையும், ஆண்டையும், நடிகர் பட்டியலையும் ஒரு தாளில் எழுதி வைத்தாலும் போதும். கூடுமாயின் அருகில் உள்ள பல்கலைக்கழக நூலகத்துக்குத் தரலாம். வீட்டு முதியோரிடம் அவர்கள் கண்ட படங்களைப் பற்றிக் கேட்டு, அவர்கள் சொல்வதைக் கைப்பேசியில் பதிவு செய்து வைப்பது இன்று எளிதான செயல். மொழி எதுவாயினும் அது நாம் வாழும் ஊரின் வரலாறு.

நாம் வந்து குடியேறிய நாட்டின் அரசர்களையும் அணைகளையும் கோயில்களையும் பற்றிப் படிக்கிறோம், அது நல்லதே. அந்த நாட்டின் எளிய மக்கள் மாலைப் பொழுதில் எந்த முகத்தைக் கண்டு அஞ்சினார்கள், எந்த முகத்தைக் கண்டு மகிழ்ந்தார்கள் என்பதையும் அறிதல் வேண்டும். அதுவே அவர்களோடு நாம் கொள்ளும் உறவை உண்மையாக்கும். இனி 'ஜகன்மோகினி' என்ற பெயர் நம் வீடுகளில் பேச்சில் வரும் போது, அந்தப் பெயரை முதன்முதலில் திரையில் தாங்கி நூறு நாள் நடத்திய பிரதிமா தேவியின் பெயரையும் உடன் சொல்வோமாக. அவருக்கு நாம் செலுத்த வேண்டிய கடன் சிறியது. அதனைச் செலுத்துவதற்குக் காலம் இன்னும் கடந்துவிடவில்லை.